பிரெட் மெஷின் பிசையட்டும், பின்னுவது நம் கை: வீட்டில் ஹல்லா செய்யும் முறை

பிரெட் மெஷினை வைத்து ஹல்லா என்ற யூதர்களின் பின்னல் ரொட்டியைச் செய்யப் போகிறீர்கள் என்றால் முதலிலேயே ஒன்றை முடிவு செய்துகொள்ளுங்கள். மெஷின் மாவைப் பிசையும், முதல் முறை பொங்க வைக்கும், அதோடு அதன் வேலை முடிந்தது. பின்னுவது நம் கை, சுடுவது ஓவன். எல்லாவற்றையும் மெஷினில் கொட்டி பட்டனை அழுத்திவிட்டு மூன்று மணி நேரம் கழித்து வந்தால் கிடைப்பது சதுரமான, கொஞ்சம் இனிப்பான முட்டை பிரெட். சாப்பிட நன்றாகத்தான் இருக்கும், ஆனால் அது ஹல்லா இல்லை. மேடெல்லாம் செம்பழுப்பாகப் பளபளத்து மடிப்புக்குள்ளே மட்டும் வெளுத்து நிற்கும் அந்த மேல்தோலும், கையால் பிய்த்தால் நூல் நூலாகப் பிரிந்து வரும் உட்பகுதியும் பின்னி ஓவனில் சுட்டால்தான் வரும்.

ஹல்லா யூதர்களின் ஓய்வுநாள் ரொட்டி, அந்த ஓய்வுநாள் வெள்ளி மாலை தொடங்கிச் சனி மாலை வரை. வெள்ளிக்கிழமை சூரியன் மறைவதற்குள் சமையலை எல்லாம் முடித்து, மெழுகுவத்தி ஏற்றி, திராட்சை ரசக் கிண்ணத்தைக் கையில் ஏந்தி ஆசி சொல்லி, அதற்கு அப்புறம்தான் துணி போர்த்தி வைத்திருக்கும் இரண்டு ஹல்லாக்களைத் திறப்பார்கள். ஆசி சொல்லி, வெட்டியோ பிய்த்தோ, உப்பில் தொட்டு மேஜையில் இருக்கும் ஒவ்வொருவருக்கும் கொடுப்பார்கள். ஏன் இரண்டு என்பதற்குப் பதில் பைபிளின் யாத்திராகமம் 16ஆம் அதிகாரத்தில் இருக்கிறது. வனாந்தரத்தில் தினமும் வானத்திலிருந்து விழுந்த மன்னா என்ற உணவு ஓய்வுநாளில் விழாது, அதனால் ஆறாம் நாளே இரண்டு பங்கு சேர்த்துக்கொள்ளச் சொல்லியிருந்தது, அந்த இரண்டு பங்கின் நினைவுதான் இரண்டு ரொட்டி. மேலே துணி போர்த்துவதற்கு ஒரு அழகான விளக்கம் சொல்வார்கள்: வழக்கமாக ரொட்டிக்குத்தான் முதல் ஆசி, இங்கே ரசத்துக்கு முதலில் சொல்வதால் ரொட்டி கூச்சப்படக் கூடாதாம். எனக்கு மிகவும் பிடித்த வழக்கம் இது.

இதையெல்லாம் சும்மா கதைக்காகச் சொல்லவில்லை, செய்முறையே இதிலிருந்துதான் வருகிறது. யூத உணவு விதிப்படி பாலும் இறைச்சியும் ஒரே வேளையில் சேரக் கூடாது. வெள்ளி இரவு விருந்தில் பெரும்பாலும் கோழியோ மாட்டிறைச்சியோ இருக்கும் என்பதால் ஹல்லாவில் பாலும் வெண்ணெயும் போடுவதில்லை. அந்த மென்மையை முட்டையும் எண்ணெயும்தான் கொடுக்கின்றன. "வெண்ணெய் போட்டால் இன்னும் மணமாக இருக்குமே" என்று தோன்றும், போட்டால் அது பிரியோஷ் என்ற பிரெஞ்சு வெண்ணெய் ரொட்டி பக்கம் போய்விடும், போடாதீர்கள். யூத நண்பர் வீட்டுக்குக் கொண்டுபோக நினைத்தால் முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். கோஷர் என்ற அந்த உணவு விதியைக் கடைப்பிடிக்கும் வீட்டில், பொருள்கள் எல்லாம் சரியாக இருந்தாலும் நம் அடுப்படியில் செய்ததைச் சாப்பிட முடியாமல் போகலாம்.

சரி, அளவுக்கு வருவோம். இது ஒரு பெரிய ஹல்லாவுக்கு, அல்லது நடுத்தரமாக இரண்டுக்கு:

பிரெட் மாவு 500 கிராம்
முட்டை 2, கூடவே ஒரு மஞ்சள் கரு
தண்ணீர் ஏறக்குறைய 170 மில்லி
வாசனை இல்லாத எண்ணெய் 60 மில்லி
சர்க்கரை 60 கிராம்
உப்பு 9 கிராம்
இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 7 கிராம்
மேலே பூச இன்னொரு முட்டை, தூவ எள் அல்லது கசகசா

டிஜிட்டல் தராசு இல்லாமல் இதில் இறங்க வேண்டாம். கப் அளவில் மாவு ஒவ்வொரு முறையும் ஒவ்வொரு எடை வரும். முட்டையும் அப்படித்தான், ஒரு ஊரில் பெரிதாக இருக்கும், இன்னொரு ஊரில் சின்னதாக இருக்கும். அதனால் நான் சொல்லும் வழி இதுதான்: கிண்ணத்தைத் தராசில் வைத்து முட்டைகளையும் மஞ்சள் கருவையும் உடைத்து ஊற்றுங்கள், அதே கிண்ணத்தில் மொத்தம் 285 கிராம் வரும்வரை தண்ணீர் ஊற்றுங்கள். முட்டை சின்னதோ பெரிதோ, மாவின் பதம் மாறாது. ஒவ்வொரு முட்டையையும் தனியாக ஒரு கண்ணாடி டம்ளரில் உடைத்துப் பார்த்து, ரத்தப் புள்ளி இல்லையென்றால்தான் கிண்ணத்தில் சேர்ப்பது யூத வீடுகளின் வழக்கம். கெட்டுப்போன ஒரு முட்டை மற்றதையும் சேர்த்துக் கெடுக்காமல் இருக்க நமக்கும் அது உதவும்.

மாவு விஷயத்தில் கொஞ்சம் நின்று பேச வேண்டும். பிரெட் மாவில் புரதம் 12 முதல் 13 சதவீதம் வரை இருக்கும், நம் ஊர்க் கடைகளில் கிடைக்கும் மைதாவில் பெரும்பாலும் அதைவிடக் குறைவு, பாக்கெட்டின் பின்பக்கம் 100 கிராமுக்கு எவ்வளவு என்று போட்டிருப்பார்கள், பாருங்கள். 10 கிராம் அளவில்தான் இருக்கிறது என்றால் அது அவ்வளவு தண்ணீரைத் தாங்காது, முட்டையும் தண்ணீருமாக 265 கிராமில் நிறுத்திவிடுங்கள். அந்த மைதாவிலும் நல்ல ஹல்லா வரும், பின்னல் கொஞ்சம் அகலமாகப் பரவும், அவ்வளவுதான். சப்பாத்திக்கான கோதுமை மாவில் முழுதாகச் செய்தால் கனத்துப் போகும். ஆசையாக இருந்தால் 100 கிராம் வரை கலந்துகொள்ளலாம். எண்ணெயில் சூரியகாந்தி போதும். நல்லெண்ணெயும் தேங்காய் எண்ணெயும் தங்கள் மணத்தையே மேலே கொண்டுவந்துவிடும். சர்க்கரைக்குப் பதில் தேன் போடுவதும் உண்டு, அதே எடை போட்டு, தண்ணீரில் 10 கிராம் குறைத்துக்கொள்ளுங்கள்.

மெஷினில் போடும் வரிசை மெஷினுக்கு மெஷின் மாறும். பெரும்பாலானவற்றில் முதலில் முட்டைத் தண்ணீரும் எண்ணெயும், ஒரு மூலையில் உப்பு, இன்னொரு மூலையில் சர்க்கரை, மேலே மாவு, மாவின் நடுவில் சின்னதாகக் குழி பறித்து ஈஸ்ட். சிலவற்றில் ஈஸ்ட்தான் அடியில் போகும், உங்கள் கையேடு சொல்வதைக் கேளுங்கள். பாத்திரம் எவ்வளவு மாவு தாங்கும் என்பதையும் அதிலேயே பாருங்கள், முட்டை சேர்த்த மாவு நன்றாக எழும்பும், சின்னப் பாத்திரமாக இருந்தால் மூடியைத் தொட்டுவிடும். வெயில் காலத்தில் குளிர்ந்த தண்ணீரும் 5 கிராம் ஈஸ்டும் போதும், ஏனென்றால் பிசையும் உராய்விலேயே மாவு சூடாகும். குளிர் நாட்டில் இருப்பவர்கள் தண்ணீரை வெதுவெதுப்பாக ஊற்றலாம். டைமர் போட்டு ராத்திரி முழுக்க காத்திருக்க வைப்பது மட்டும் இங்கே கூடவே கூடாது. உள்ளே பச்சை முட்டை இருக்கிறது, அறைச் சூட்டில் எட்டு மணி நேரம் அப்படிக் கிடந்தால் வயிற்றுக்கு ஆபத்து.

இப்போது 'டோ' (Dough, மாவு) என்று எழுதியிருக்கும் புரோகிராமைப் போடுங்கள். மெஷினைப் பொறுத்து ஒன்றரை மணி நேரத்திலிருந்து இரண்டரை மணி நேரம் வரை ஆகும், அதில் உண்மையான பிசைதல் கொஞ்ச நேரம்தான், மிச்சமெல்லாம் பொங்குவதற்கு. போட்டுவிட்டு வேறு வேலைக்குப் போய்விடாதீர்கள், பிசைய ஆரம்பித்து ஏழெட்டு நிமிஷத்தில் மூடியைத் திறந்து பாருங்கள். திறந்தால் ஒன்றும் ஆகாது. மாவு ஒரே உருண்டையாகச் சுற்ற வேண்டும், பாத்திரத்தின் பக்கங்கள் ஏறக்குறைய சுத்தமாக இருக்க வேண்டும், அடியில் மாவைப் பிசையும் பேடிலுக்குப் பக்கத்தில் லேசாக ஒட்டிக்கொண்டு விட வேண்டும். விரலால் தொட்டால் பிசுக்கென்று இருக்கும், ஆனால் விரலோடு வராது. பரோட்டாவுக்குப் பிசைந்து வைத்த மாவு மாதிரி இளக்கமாக இருந்தால் சரியான பதம். பக்கமெல்லாம் அப்பிக்கொண்டு கூழாகச் சுற்றினால் ஒரு மேஜைக்கரண்டி மாவு தூவி இரண்டு நிமிஷம் பொறுங்கள், தேவைப்பட்டால் இன்னொன்று. துண்டு துண்டாக உடைந்து மெஷின் டக்டக்கென்று சத்தம் போட்டால் ஒரு தேக்கரண்டி தண்ணீர். இந்த ஏழாவது எட்டாவது நிமிஷத்தில் செய்யும் திருத்தம்தான் மொத்த ரொட்டியையும் தீர்மானிக்கிறது, அதற்கு அப்புறம் எதுவும் பெரிதாகச் செய்ய முடியாது.

பிசைவதை மெஷினிடம் நம்பிக் கொடுக்கலாம் என்பதற்குப் பின்னால் ஒரு நல்ல கதை இருக்கிறது. 1985இல் ஜப்பானில் ஒசாகாவின் மட்சுஷிதா நிறுவனம் வீட்டு பிரெட் மெஷின் ஒன்றை உருவாக்கப் பாடுபட்டுக்கொண்டிருந்தது. எப்படிச் செய்தாலும் வெளியே கருகியது, உள்ளே வேகவில்லை. மென்பொருள் பிரிவில் இருந்த இகுகோ தனாகா, ஊரிலேயே நல்ல ரொட்டிக்குப் பெயர் வாங்கிய ஒசாகா இன்டர்நேஷனல் ஹோட்டலின் தலைமை பேக்கரிடம் போய்ப் பயிற்சி எடுத்தார். அந்த பேக்கர் மாவை ஒரு தனி விதமாக இழுத்துப் பிசைவதைக் கவனித்து, அதை மெஷினில் கொண்டுவருவதற்காக உட்புறத்தில் மேடான விலா மாதிரிக் கோடுகளை வைக்கச் செய்தார்கள். அந்த மெஷின் 1987இல் விற்பனைக்கு வந்தது. முட்டையும் எண்ணெயும் சேர்ந்த மாவைக் கையால் பிசைவது நிஜமாகவே தோள்வலி வேலை, அதை மெஷினிடம் தள்ளிவிடுவதில் எந்தக் குறையும் இல்லை.

புரோகிராம் முடிந்ததும் மாவை எடுத்து லேசாக எண்ணெய் தடவிய மேடையில் போட்டு, உள்ளங்கையால் அமுக்கிக் காற்றை வெளியேற்றுங்கள். பேடில் மாவுக்குள் மாட்டிக்கொண்டு வந்திருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். மொத்த மாவு 900 கிராமுக்குக் கொஞ்சம் மேலே இருக்கும். ஒரே ரொட்டி என்றால் மூன்று பாகம், ஒவ்வொன்றும் 300 கிராம் சொச்சம், இரண்டு ரொட்டி என்றால் ஆறு பாகம், ஒவ்வொன்றும் 150 கிராம் சொச்சம். இங்கேயும் தராசு வேண்டும், ஒரு கால் பருத்து ஒரு கால் மெலிந்தால் பின்னல் கோணிக்கொண்டு சாயும்.

பைபிளின் எண்ணாகமம் 15ஆம் அதிகாரத்தில் பிசைந்த மாவில் முதல் பங்கைக் காணிக்கையாக எடுத்து வைக்கச் சொல்கிறது. அந்தப் பங்கின் பெயர்தான் ஹல்லா, பிறகு அதுவே ரொட்டிக்கும் பெயரானது. இன்றும் நிறைய மாவு பிசையும்போது சின்ன உருண்டை ஒன்றைக் கிள்ளித் தனியே எடுத்து எரித்துவிடுவார்கள், அல்லது மூடிச் சுற்றி மரியாதையோடு அப்புறப்படுத்துவார்கள். இந்தக் கடமை சுமார் 1.2 கிலோ மாவுக்கு மேல் பிசைந்தால்தான், அதனால் மெஷினில் 500 கிராம் பிசைபவருக்கு அது வருவதில்லை. அதற்காகவே சிலர் பல வாரத்துக்கும் சேர்த்துப் பெரிய அளவில் கையால் பிசைவார்கள்.

இனி கயிறு திரிப்பது. ஒவ்வொரு பாகத்தையும் முதலில் தட்டையாக அமுக்கி, பாயைப் போல இறுக்கமாகச் சுருட்டி, தையலைக் கிள்ளி ஒட்டுங்கள். இதைச் செய்யாமல் நேரே உருட்டினால் உள்ளே காற்றுப் பை நிற்கும், சுட்ட பிறகு பொந்தாகத் தெரியும். அப்புறம் இரண்டு கையையும் நடுவில் வைத்து வெளிப்பக்கமாக உருட்டிக்கொண்டே போங்கள், சின்ன ரொட்டிக்கு 35 சென்டிமீட்டர் நீளம் போதும், நடு கொஞ்சம் பருமனாகவும் இரண்டு முனையும் ஒல்லியாகவும் இருக்கட்டும். உருட்ட உருட்ட மாவு சுருங்கிச் சுருங்கிப் பின்னால் போகிறதா? சண்டை போடாதீர்கள், மூடி வைத்துப் பத்து நிமிஷம் விட்டுவிட்டு வாருங்கள், தானே இளகிக் கொடுக்கும். மேடையில் மாவு அள்ளித் தூவாதீர்கள், பிடிமானம் இல்லாமல் வழுக்கும். ஆனால் திரித்து முடித்த கயிறுகள்மேல் மட்டும் ஒரு சிட்டிகை மாவைத் தடவிக்கொண்டால், சுடும்போது ஒன்றோடொன்று ஒட்டிப்போகாமல் பின்னல் தனித்தனியாகத் தெரியும்.

சடை பின்னத் தெரிந்தவருக்கு மூன்று கால் பின்னலைச் சொல்லித்தர வேண்டியதில்லை. இரண்டே விஷயம். மேலிருந்து ஆரம்பிக்காமல் நடுவிலிருந்து ஒரு முனைவரை பின்னி, அப்படியே திருப்பிப் போட்டு மறுமுனைவரை பின்னினால் இரண்டு பக்கமும் ஒரே மாதிரி வரும். சடைக்கு இழுத்து இறுக்குவது போல இங்கே இறுக்கக் கூடாது, மாவு இன்னும் பெருக்கப் போகிறது, இடம் இல்லையென்றால் கிழித்துக்கொண்டு வெளியே வரும். நான்கு கால் பின்னல் பார்க்க இன்னும் உயரமாக அழகாக இருக்கும், ரகசியம் ஒரே வரிதான்: எப்போதும் வலது கோடியில் இருக்கும் காலை எடுத்து, பக்கத்துக் காலுக்கு மேலே, அதற்கடுத்ததற்குக் கீழே, கடைசிக் காலுக்கு மேலே கொண்டுபோய் இடது கோடியில் விடுங்கள். மறுபடி வலது கோடி. மேலே, கீழே, மேலே என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே செய்தால் தப்பாது. ஆறு காலும் உண்டு, இரண்டு ரொட்டிக்குப் பன்னிரண்டு கால், இஸ்ரவேலின் பன்னிரண்டு கோத்திரங்களுக்கு என்று சொல்வார்கள், ஆனால் நான்கு கால் கைக்குப் பழகிய பிறகு அதற்குப் போங்கள். யூதப் புத்தாண்டான ரோஷ் ஹஷானாவுக்கு, அது செப்டம்பர் அல்லது அக்டோபரில் வரும், பின்னாமல் ஒரே நீளக் கயிறாகத் திரித்து வட்டமாகச் சுருட்டி வைத்து, உள்ளே உலர்ந்த திராட்சையும் போட்டு, தேனில் தொட்டுச் சாப்பிடுவார்கள். திராட்சையை மெஷினில் போட்டால் நசுங்கி மாவு பழுப்பாகும், கயிறு திரிக்கும்போது உள்ளே வைத்துச் சுருட்டுங்கள்.

பின்னியதை பட்டர் பேப்பர் விரித்த தட்டில் வைத்து முனைகளைக் கிள்ளி அடியில் மடித்துவிடுங்கள். ஒரு முட்டை, ஒரு தேக்கரண்டி தண்ணீர், ஒரு சிட்டிகை உப்பு சேர்த்து நன்றாக அடித்துக்கொள்ளுங்கள், உப்பு போட்டால் வெள்ளைக் கரு இளகிச் சீராகப் பூச வரும். இதை இரண்டு தடவை பூச வேண்டும், இப்போது ஒரு தடவை, ஓவனுக்குள் போகும் முன் இன்னொரு தடவை. கடைகளில் பார்க்கும் அந்தக் கண்ணாடிப் பளபளப்பு இந்த இரண்டாவது பூச்சில்தான் இருக்கிறது. பொங்கும்போது மடிப்புகள் விரிந்து புது மாவு வெளியே தெரியும், அதையும் முட்டை எட்டும். ஆனால் மடிப்புக்குள் குளமாகத் தேங்க விடாதீர்கள், அங்கே ஆம்லெட் ஆகிவிடும்.

இரண்டாவது பொங்கல் 45 நிமிஷத்திலிருந்து ஒரு மணி நேரம், சென்னை வெயிலில் அரை மணி நேரத்திலேயே தயாராகிவிடும். கடிகாரத்தைவிட விரலை நம்புங்கள். ஓரத்தில் மெதுவாக அழுத்தினால் குழி உடனே எகிறி நிமிர்ந்தால் இன்னும் நேரம் இருக்கிறது, மெதுவாகப் பாதி நிமிர்ந்தால் சரி, அப்படியே கிடந்தால் தாமதம், உடனே சுட்டுவிடுங்கள். போதாமல் பொங்கிய ஹல்லா கால்களுக்கு நடுவே நார் நாராகக் கிழியும், அதிகம் பொங்கியது தட்டையாகப் பரவிப் பின்னல் மங்கிப்போகும்.

இரண்டாவது பூச்சும் எள்ளும் போட்டு, முன்கூட்டியே சூடாக்கிய ஓவனில் 175 முதல் 180 டிகிரி செல்சியஸ், ஃபேன் ஓவன் என்றால் 160. சின்னவை 25 நிமிஷம், ஒரே பெரியது 30 முதல் 35. சின்ன ஓடிஜியில் மேல் கம்பி ரொட்டிக்கு மிக அருகில் இருக்கும், அதனால் கீழ்த்தட்டில் வையுங்கள். சர்க்கரையும் முட்டையும் இருப்பதால் 15 நிமிஷத்திலேயே நிறம் வந்துவிடும், அதைப் பார்த்து வெந்துவிட்டது என்று எடுத்துவிடாதீர்கள், மேலே அலுமினியம் ஃபாயிலைத் தளர்வாகப் போட்டுத் தொடருங்கள். உணவு வெப்பமானி இருந்தால் நடுவில் குத்திப் பாருங்கள், 88 முதல் 90 டிகிரி வந்தால் வெந்தது. கம்பி வலைமேல் முழுக்க ஆறிய பிறகுதான் வெட்ட வேண்டும். கசகசா பற்றி ஒரு எச்சரிக்கை: ஐக்கிய அரபு அமீரகத்திலும் சிங்கப்பூரிலும் அதற்குத் தடை இருக்கிறது, அங்கே இருப்பவர்கள் எள்ளே போடுங்கள், எள் தூவிய ஹல்லாவும் அதே அளவு மரபானதுதான்.

ஓவனே இல்லை, மெஷினில்தான் சுட வேண்டும் என்றால் ஒரு வழி இருக்கிறது. ஸ்வீட் பிரெட் புரோகிராமில் வெளிர் நிறத் தோலைத் தேர்ந்தெடுத்து, கடைசி முறை மாவை அமுக்கிச் சுற்றியதும் மாவை வெளியே எடுத்து, பேடிலைக் கழற்றிவிட்டு, பாத்திரத்தின் நீளத்துக்குப் பின்னி, திரும்ப உள்ளே வையுங்கள். மேலே மட்டுமாவது பின்னல் தெரியும். பேக் தொடங்கும் முன் முட்டை பூசிவிடுங்கள், அதற்கு அப்புறம் மூடியைத் திறக்க வேண்டாம்.

முட்டை சாப்பிடாதவர்களும் ஹல்லா செய்யலாம். ஸ்பெயின் வழிவந்த செபார்திய யூதர்களில் பலர் முட்டையோ இனிப்போ தூக்கலாக இருந்தால் அது ரொட்டிக்கான ஆசிக்குள் வராது, கேக் வகையில் போய்விடும் என்று கருதி, தண்ணீர் ஹல்லாதான் செய்கிறார்கள். அதே 500 கிராம் மாவுக்குத் தண்ணீர் 285, எண்ணெய் 50 மில்லி, சர்க்கரை 30 கிராம். மேலே சோயா பால் பூசிச் சுட்டு, வெளியே எடுத்ததும் எண்ணெய் தடவுங்கள்.

வெள்ளிக்கிழமை மேஜைக்கு என்றால் நேரத்தைப் பின்னாலிருந்து கணக்குப் போட வேண்டும், ஏனென்றால் ஓய்வுநாள் தொடங்கிவிட்டால் அடுப்பு மூட்டுவதோ சுடுவதோ கிடையாது, மெழுகுவத்தியே பெரும்பாலான ஊர்களில் சூரியன் மறைவதற்கு 18 நிமிஷம் முன்பு ஏற்றிவிடுவார்கள். மெஷின், பின்னுவது, பொங்குவது, சுடுவது, ஆறுவது எல்லாம் சேர்ந்தால் ஐந்து மணி நேரம் ஆகும். லண்டனில் டிசம்பரில் நாலு மணிக்கு முன்பே சூரியன் போய்விடும், அலுவலகம் போகிறவர் அன்று எங்கே ஆரம்பிப்பது? வியாழன் இரவே மெஷினில் பிசைந்து, எண்ணெய் தடவிய மூடி போட்ட டப்பாவில் இரண்டு மடங்கு இடம் விட்டு ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். காலையில் அந்தக் குளிர்ந்த மாவு பின்னுவதற்கு இன்னும் வசதி, ஒட்டாது, கயிறு நிற்கும், ருசியும் ஒரு படி கூடியிருக்கும். குளிர்ந்த மாவு என்பதால் இரண்டாவது பொங்கலுக்கு மட்டும் ஒன்றரை முதல் இரண்டு மணி நேரம் கொடுங்கள்.

மிச்சம் இருப்பதை ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள், அங்கேதான் ரொட்டி சீக்கிரம் வறண்டு போகும். வெளியே துணியிலோ பையிலோ சுற்றி வைத்தால் இரண்டு நாள், அதிகம் இருந்தால் துண்டு போட்டு ஃபிரீசரில் ஒரு மாதம். ஞாயிறு காலையில் காய்ந்துபோன துண்டுகள் இருந்தால் பிரெஞ்சு டோஸ்ட் போடுங்கள், விரல் பருமனுக்கு வெட்டி, முட்டைக் கலவையில் இரண்டு பக்கமும் நன்றாக ஊற விட்டு, நிதானமான தீயில்.